எடுத்துச் செல்லக் கூடாது

நோட்டீஸில் 'பாலைவனம்' என்று போட்டது
முதலாளியின் யோசனை.
பாண்டிச்சேரியில் ஏது பாலைவனம் என்று கேட்கவாவது
நாலு பேர் போன் செய்வார்கள்,
கேட்டவர்களில் பாதிப் பேர் வருவார்கள் என்பது அவர் கணக்கு.
இந்த வாரம் ஏழு பேர்.

மணிக்கூண்டருகே ஐந்தரைக்கு வேன்.
ஆளுக்கு இரண்டு லிட்டர் தண்ணீர், ஒரு தொப்பி.
தலைகளை எண்ணினேன்.
என் வேலையில் முக்கால்வாசி அதுதான்.

திருவக்கரை போவதற்குள் எல்லை மாறி மாறி வரும்.
சாராயக்கடை தெரிந்தால் நம்ம ஊர்,
தெரியாவிட்டால் தமிழ்நாடு என்றேன்.
சிரிக்க வேண்டிய இடம். சிரித்தார்கள்.
லாஸ்பேட்டைத் தம்பதி மட்டும்
ஆளுக்கொரு ஜன்னலைப் பார்த்துக்கொண்டு வந்தார்கள்.

செம்மண் ஓடையில் முதலில் இறக்கினேன்.
மழை கீறிப் போட்ட மண்.
விளிம்பில் ஒரு முந்திரி மரம், பாதி வேர் அந்தரத்தில்.
பண்ருட்டி அக்காவும் தங்கையும் அண்ணாந்து பார்த்தார்கள்.
"நம்ம கொல்லையில இருக்கிறதுதானடி.
இதுக்கா தொள்ளாயிரம்?"

பிறகு கல்மரங்கள்.
மனப்பாடமாய் வைத்திருப்பதைச் சொன்னேன்:
இரண்டு கோடி வருஷம், ஆறு அடித்து வந்த மரங்கள்,
வரி வரியாய்த் தெரிவது மரத்தின் வயது.
சின்னவன் இமயன் கை தூக்கினான்.
"செத்த பிறகு கல்லாச்சா?
இல்ல, கல்லானதாலதான் செத்துச்சா?"
கம்பெனி கொடுத்த புத்தகத்தில் அது இல்லை.
தண்ணீர் குடி என்றேன்.

தெய்வசிகாமணி அதுவரை பேசவே இல்லை.
கிடந்த மரத்தை மாட்டைத் தட்டுவதுபோல் தட்டினார்.
"நெய்வேலியில இருபத்தெட்டு வருஷம்
மண்வாரி எந்திரம் ஓட்டினேன் மேடம்.
இந்த மாதிரி மண்ணை அள்ளி ஓரமாக் கொட்டினாத்தான்
அடியில கரி வரும்.
அதுவும் மரம்தான்.
அதை எரிச்சோம்.
இதுக்கு வேலி போட்டிருக்காங்க."
வெயில் ஏறிவிட்டது. யாரும் பதில் சொல்லவில்லை.

வாசலில் காவலாளி.
பைகளைக் காட்ட வேண்டும்; ஒரு சில்லுகூட வெளியே போகக் கூடாது.
இமயனிடம் மூன்று. தங்கையின் முந்தானை முடிச்சில் ஒன்று.
லாஸ்பேட்டைக்காரர் சட்டைப் பையிலிருந்து
நகக்கண் அளவு ஒன்றை எடுத்து வைத்து,
"இவளுக்குன்னு எடுத்தேன்" என்றார்.
அன்று முதல் தடவையாக அந்த அம்மா அவர் பக்கம் திரும்பினார்.

தெய்வசிகாமணியிடம் ஒரு மாத்திரை டப்பா இருந்தது.
உள்ளே பழுப்பாய், முள் முள்ளாய், மிளகைவிடச் சிறிதாய்.
காவலாளி அதை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தான்.
"எங்க எடுத்தீங்க?"
"ஜிப்மர்ல."
"ஆங்?"
"வலது கிட்னி."
டப்பா சட்டென்று அவர் கைக்கே திரும்பியது.
காவலாளி விரல்களைப் பேன்ட்டில் துடைத்துக்கொண்டான்.

"ஏறி உட்கார்ந்தா எட்டு மணி நேரம் இறங்க முடியாது மேடம்.
அதனால தண்ணி குடிக்கறதில்ல.
எனக்கு ரெண்டு கோடி வருஷமெல்லாம் தேவைப்படல."
அக்காதான் முதலில் சிரித்தாள், வாயைப் பொத்திக்கொண்டு.
அப்புறம் எல்லோரும்.
அவரும்.

சிரிப்பு ஓய்ந்ததும் அறிவிப்புப் பலகையைக் காட்டிக் கேட்டார்:
"எடுக்கக் கூடாதுன்னுதானே போட்டிருக்கு.
வைக்கலாமா?"
நான் காவலாளியைப் பார்த்தேன்.
அவன் ஒரு காக்கையைப் பார்த்தான்,
வெகுநேரம்.

வேனில் தலைகளை எண்ணினேன். ஏழு.
தெய்வசிகாமணி இரண்டு பாட்டிலையும் காலி செய்துவிட்டு
இன்னொன்று கிடைக்குமா என்றார்.
என்னுடையதைக் கொடுத்தேன்.

அடுத்த சனிக்கிழமை வேறு ஐந்து பேர்.
இங்கே இருக்கிற கல்லெல்லாம்
இரண்டு கோடி வருஷம் பழசு என்று ஆரம்பித்தேன்,
ஒன்றைத் தவிர என்பதை
வாய்க்குள் வைத்துக்கொண்டு.